கொடிவழி தேடுவோருக்கு ஒரு மடல்: பெயருக்கு முன் ஊர்

இங்கிலாந்தின் பழம்பதிவுகளில் முன்னோரைத் தேடும் தமிழ் அன்பர்களுக்கு,



உங்களில் சிலர் ஆங்கிலோ-இந்தியக் குடும்பங்களில் பிறந்தவர்கள். பெரம்பூரிலோ பொன்மலையிலோ போத்தனூரிலோ ரயில்வே குடியிருப்பில் வாழ்ந்த தாத்தாவுக்கும் அப்பால், கப்பலேறி வந்த ஒரு படைவீரரின் பெயர் மட்டும் உங்கள் வீட்டில் தங்கியிருக்கும். சிலர் இங்கிலாந்தில் மணமுடித்தவர்கள். பிள்ளைகளின் கொடிவழியில் ஒரு பாதியை யாழ்ப்பாணத்திலோ தஞ்சையிலோ விசாரித்து முடித்துவிட்டு, மறுபாதியை அந்நாட்டு ஏடுகளில் தேடுகிறீர்கள். இன்னும் சிலர் அங்கே பழைய வீடொன்றை வாங்கி, அந்த அடுப்பில் முன்பு யார் சமைத்தார்கள் என்று அறிய ஆசைப்படுகிறவர்கள். உங்கள் எல்லோருக்கும் சேர்த்து இந்த மடலை எழுதுகிறேன். நான் சொல்ல விரும்புவது ஒன்றுதான்: பெயரைத் தேடுவதற்கு முன் ஊரைத் தேடுங்கள். ஊரைப் பிடிக்காமல் பெயரைப் பிடித்துக்கொண்டு மேலேறுகிறவர்கள் பெரும்பாலும் வேறொருவர் வீட்டு மரத்தில்தான் ஏறுகிறார்கள். இது என் விருப்பம் மட்டுமன்று. அந்த நாட்டின் ஆவணங்கள் உருவான விதமே இப்படித் தேடச் சொல்கிறது என்பதைச் சான்றுகளோடு காட்ட முயல்கிறேன்.

முதலில் பாரிஷ் என்ற சொல்லைப் புரிந்துகொள்ள வேண்டும். ஒரு கோயிலும், அதன் எல்லைக்குட்பட்ட நிலமும், அந்த நிலத்தில் வாழும் மக்களும் சேர்ந்தது ஒரு பாரிஷ். நம் ஊர்க் கத்தோலிக்கர் பங்கு என்றும் சி.எஸ்.ஐ. சபையார் சேகரம் என்றும் சொல்வதற்கு அது நெருங்கியது. ஆனால் இங்கிலாந்தில் அது வழிபாட்டோடு நின்றுவிடவில்லை. 16ஆம் நூற்றாண்டு முதல் சாலையைச் செப்பனிடுவதும், ஏழைக்குப் படியளப்பதும், அதற்காக வரி வசூலிப்பதும் பாரிஷின் வேலையாயின. 1538இல் எட்டாம் ஹென்றியின் அமைச்சர் தாமஸ் குரோம்வெல் ஓர் ஆணையிட்டார். ஒவ்வொரு பாரிஷிலும் ஞானஸ்நானம், திருமணம், அடக்கம் மூன்றையும் ஏட்டில் எழுதி, பூட்டிய பெட்டியில் வைக்க வேண்டும் என்பது அந்த ஆணை. தொடக்கத்தில் பல ஊர்களில் காகிதத்தில்தான் எழுதினார்கள். 1598இல் அவற்றைத் தோலேட்டில் படியெடுக்கச் சொன்னபோது, குறிப்பாக எலிசபெத் அரசி பட்டமேறிய ஆண்டிலிருந்தாவது எழுதுங்கள் என்று சொல்லப்பட்டது. வேலையைக் குறைத்துக்கொள்ள விரும்பிய ஊர்கள் அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டன. இன்று நீங்கள் பார்க்கும் பல ஏடுகள் 1558இல் தொடங்குவதற்குக் காரணம் இதுதான். பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட பாரிஷ்கள், ஒவ்வொன்றிலும் ஒரு பெட்டி, ஒவ்வொரு பெட்டிக்கும் ஒரு தனிப் பழக்கம். நாடு முழுவதற்கும் ஒரே பதிவுமுறை வந்தது 1837 ஜூலை 1ஆம் தேதிதான். அதற்கு முந்திய மூன்று நூற்றாண்டுகளில் ஒரு சாதாரண மனிதர் ஏட்டில் ஏறினால், பெரும்பாலும் ஏதோ ஒரு பாரிஷின் ஆளாகவே ஏறினார்.

இதை மறந்துவிட்டுப் பெயரை மட்டும் தேடினால் என்ன ஆகும் என்று பார்க்க, ஒரு பேச்சுக்கு ஜான் டெய்லர் என்று ஒருவரை வைத்துக்கொள்வோம். 1790இல் மணமுடித்த ஒரு கூலித் தொழிலாளி. இணையத்தில் தேடினால் அதே கவுன்ட்டியில், அதாவது நம் மாவட்டம் போன்ற பிரிவில், 1765ஐ ஒட்டி ஞானஸ்நானம் பெற்ற நான்கைந்து ஜான் டெய்லர்கள் வந்து நிற்பார்கள். அக்காலத்து ஆங்கிலேய ஆண்களில் பெரும்பகுதியினர் ஜான், வில்லியம், தாமஸ் போன்ற ஒரு சில பெயர்களுக்குள்ளேயே அடங்கிவிட்டார்கள். ஒரு குழந்தை இறந்தால் அடுத்த குழந்தைக்கு அதே பெயரை வைப்பதும் சாதாரணம். தேதி நெருங்கி வருகிறதே என்று அவர்களில் ஒருவரைத் தேர்ந்து மரத்தில் ஒட்டினால், அந்த ஜான் ஒருவேளை மூன்று வயதில் அடக்கம் செய்யப்பட்டவராக இருக்கலாம். அடக்க ஏட்டைப் புரட்டினால் அது தெரியவரும். இன்னொரு ஜான் பக்கத்து ஊரில் நிலம் வைத்திருந்த விவசாயியாக இருக்கலாம். உயிலையோ ஏழை வரிக் கணக்கையோ பார்த்தால் அது தெரியவரும். எவர் நம்மவர் என்பதை ஒரு பதிவு தனியாக நின்று சொல்லாது. அந்த ஊரின் மற்ற ஏடுகள் சேர்ந்துதான் சொல்லும். இப்படி விசாரிக்காமல் ஒட்டிய பெயரை இன்னொருவர் பார்த்து எழுதி, அவரைப் பார்த்து நூறு பேர் எழுதுகிறார்கள். நூறு மரங்களில் இருப்பதாலேயே அது உண்மையாகிவிடாது. நூறு பேரும் ஒரே தவற்றைப் படியெடுத்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

சரியான ஏட்டைக் கண்டுபிடித்தபின்னும் அதைப் படிக்க ஊரறிவு வேண்டும். எந்த ஏடும் உங்களுக்காக எழுதப்பட்டதன்று. அன்று ஒருவருக்கு ஏதோ வேலை இருந்தது, எழுதினார். எதற்காக எழுதினார் என்று கேட்டால்தான் எழுத்தின் பொருள் விளங்கும். 1678இல் வந்த சட்டப்படி, இறந்தவரைக் கம்பளித் துணியில் பொதிந்தே அடக்கம் செய்ய வேண்டும், அப்படிச் செய்ததற்குச் சத்தியவாக்குமூலமும் தர வேண்டும். அடக்க ஏட்டில் பெயருக்குப் பக்கத்தில் அந்த வாக்குமூலம் பற்றிய குறிப்பு இருந்தால், அது அந்தக் குடும்பத்தின் துக்கத்தைச் சொல்வதன்று. ஆங்கிலக் கம்பளி வணிகத்தைக் காக்க வந்த ஒரு விதி நிறைவேறியதைச் சொல்வது. 1783இல் பதிவு ஒன்றுக்கு மூன்று பென்ஸ் வரி போட்டார்கள். பரம ஏழைகளுக்கு விலக்கு. ஆகவே 1783க்கும் 1794க்கும் இடையில் ஒரு பெயருக்குப் பக்கத்தில் ஏழை என்று எழுதியிருந்தால், அந்த வரியை நினைவில் வைத்துக்கொண்டே படிக்க வேண்டும். 1752 வரை இங்கிலாந்தில் சட்டப்படி ஆண்டு மார்ச் 25ஆம் தேதிதான் பிறந்தது. 1720 மே மாதம் ஞானஸ்நானம் பெற்ற குழந்தை 1720 பிப்ரவரியில் அடக்கமானதாக ஏடு சொன்னால் குழம்ப வேண்டாம். நம் கணக்கில் அந்த பிப்ரவரி 1721. 1841 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 15 வயதுக்கு மேற்பட்டவர்களின் வயதை ஐந்தின் மடங்காகக் குறைத்து எழுதச் சொன்னார்கள். 39 வயதுப் பெண் அதில் 35 ஆகிவிடுவாள். பத்தாண்டு கழித்து 49 என்று பார்க்கும்போது இவள் வேறொருத்தி என்று விலக்கிவிடுகிறவர்கள் உண்டு. உண்மையில் அவளேதான் இவள்.

ஏழைகள் எந்தச் சுவடும் விடாமல் மறைந்துவிட்டார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். இங்கிலாந்தைப் பொறுத்தவரை இது தவறு. இதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் ஊரைத் தேடுங்கள் என்ற என் வாதத்தின் அடித்தளம் இங்கேதான் இருக்கிறது. 1601 சட்டப்படி ஒவ்வொரு பாரிஷும் தன் ஏழைகளைத் தானே காக்க வேண்டும். அப்படியானால் யார் தன் ஏழை என்ற கேள்வி வந்தது. 1662இல் வந்த சட்டம் அதற்கு விடை வகுத்தது. ஒவ்வொருவருக்கும் ஏதோ ஒரு பாரிஷில் இருப்புரிமை உண்டு. ஆண்டுக்குப் பத்து பவுண்டுக்குக் குறைந்த வாடகையில் புதிதாக வந்து தங்குகிறவரை, பின்னால் ஊருக்குச் சுமையாவார் என்று தோன்றினால், 40 நாட்களுக்குள் புகார் செய்து அவருடைய பழைய ஊருக்கே திருப்பி அனுப்பலாம். மணமான பெண்ணுக்குக் கணவனின் ஊரே ஊர். முறைப்படி பிறந்த பிள்ளைக்குத் தகப்பனின் ஊர். முறையின்றிப் பிறந்த பிள்ளைக்குப் பிறந்த ஊர். தொழில் பயில ஒப்பந்தமானவருக்கும், மணமாகாமல் ஓர் ஆண்டு முழுவதும் ஒரே எசமானிடம் கூலிக்கு இருந்தவருக்கும் அந்தந்த ஊரில் உரிமை கிடைத்தது. அதனாலேயே சில விவசாயிகள் ஓர் ஆண்டுக்குச் சில நாட்கள் குறைவாகவே ஆளமர்த்தினார்கள். ஊர்ச்சுமை கூடக்கூடாது என்ற கணக்கு அது.

இந்தக் கணக்குத்தான் ஏழையின் வாழ்க்கையை எழுத்தில் ஏற்றியது. உதவி கேட்டு வருகிறவரை இரண்டு மாஜிஸ்திரேட்டுகள் முன் நிறுத்தி விசாரித்தார்கள். எங்கே பிறந்தாய், யாரிடம் வேலை செய்தாய், எவ்வளவு காலம், என்ன கூலி, எப்போது மணமுடித்தாய், பிள்ளைகள் எத்தனை, என்ன வயது என்று கேட்டு எழுதிக்கொண்டார்கள். எழுதப்படிக்கத் தெரியாத ஓர் உழவுக்கூலியின் வாழ்க்கை வரலாறு அப்படி ஒரு தாளில் வந்து விழுந்தது. கீழே அவர் கையால் போட்ட ஒரு சிலுவைக் குறி. கைவிடப்பட்ட மனைவிகளும் கைம்பெண்களும் இந்த விசாரணைகளில் நிறையப் பேசுகிறார்கள். மணமாகாமல் கருவுற்ற பெண்ணிடம் தகப்பன் பெயரைக் கேட்டு, அவனிடம் பிள்ளைச் செலவுக்கு உறுதிப்பத்திரம் வாங்கினார்கள். ஞானஸ்நான ஏடு விட்டுவிட்ட தகப்பன் பெயர் பல வேளைகளில் இந்தப் பத்திரத்தில்தான் கிடைக்கும். 1697 சட்டம் உதவி பெறுகிறவர் தோளில் ஊரின் முதலெழுத்தையும் ஏழையைக் குறிக்கும் எழுத்தையும் துணியில் தைத்து அணிய வைத்தது. வேற்றூரில் பிழைத்தபடி சொந்தப் பாரிஷுக்கு உதவி கேட்டு ஏழைகள் எழுதிய கடிதங்களும் எஞ்சியிருக்கின்றன. எசெக்ஸ் கவுன்ட்டி ஒன்றிலிருந்து மட்டும் அத்தகைய 700க்கும் மேற்பட்ட கடிதங்களைத் தாமஸ் சோகோல் என்ற வரலாற்றாசிரியர் பதிப்பித்திருக்கிறார். ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு என்பார்கள் நம் பெரியவர்கள். ஒரு ஜோடிக் காலணிக்கும் ஒரு சவப்பெட்டிக்கும் என்ன செலவு என்று பாரிஷ் அளந்து எழுதியதால் அந்த மனிதர்கள் இன்று நமக்குக் கிடைக்கிறார்கள். இந்தத் தாள்களில் பெரும்பகுதி இன்னும் பெயர்த் தேடலுக்குள் வரவில்லை. எந்த ஊரின் கட்டில் இருக்கும் என்று தெரிந்தவருக்கே அவை கிடைக்கும்.

வீட்டின் கதையைத் தேடுகிறவர்களுக்கும் இதே வழிதான். 1836இல், விளைச்சலில் பத்திலொரு பங்கான தசமபாகத்தைத் தானியமாகக் கொடுக்காமல் பணமாகக் கொடுக்க வேண்டும் என்று சட்டம் வந்தது. அதற்காக நாட்டின் பெரும்பகுதிக்கு ஊர் ஊராக வரைபடம் வரைந்தார்கள். ஒவ்வொரு வயலுக்கும் தோட்டத்துக்கும் குடிசைக்கும் ஓர் எண் கொடுத்து, உடையவர் யார், அனுபவிப்பவர் யார், வயலின் பெயர் என்ன, உழவா மேய்ச்சலா, பரப்பு எவ்வளவு என்று பட்டியலிட்டார்கள். நம் ஊரில் அடங்கலையும் புல வரைபடத்தையும் சேர்த்து வைத்துப் பார்த்தவர்களுக்கு இது எளிதில் பிடிபடும். இந்தப் பட்டியலை 1841 கணக்கெடுப்பின் பக்கத்தில் வைத்துப் படித்தால், கணக்கெடுத்தவர் எந்தத் தெருவில் நுழைந்து எந்த வாசலில் திரும்பினார் என்று பின்தொடர முடியும். அதற்கும் முந்திய காலத்துக்கு, மேனர் எனப்படும் பிரபுவின் நிலப்பகுதிக்குரிய மன்றச் சுருள்கள் இருக்கின்றன. பிரபுவின் மன்றத்தில் பதிந்து குடியானவர் கைக்கொண்ட நிலவுரிமை, தகப்பனிடமிருந்து மகனுக்கோ கைம்பெண்ணுக்கோ மாறும்போதெல்லாம் அங்கே எழுதப்பட்டது. அந்த உரிமைமுறை 1926 வரை நீடித்தது. ஒரு பாரிஷுக்குள் இரண்டு மூன்று மேனர்கள் இருக்கலாம், ஒரு மேனர் இரண்டு பாரிஷில் பரவியும் இருக்கலாம். எது எதற்குள் வருகிறது என்ற அறிவு இல்லாமல் எந்தச் சுருளைக் கேட்பது?

குடும்பமும் ஊரும் பிரியாதவை என்பதை 300 ஆண்டுக்கு முன்பே ஒருவர் செய்து காட்டிவிட்டார். ஷ்ராப்ஷயர் கவுன்ட்டியில் மிடில் என்றொரு பாரிஷ். அங்கே வாழ்ந்த ரிச்சர்ட் காஃப் என்ற விவசாயி, தம் அறுபதுகளின் நடுவில், 1701இல் தம் ஊரின் வரலாற்றை எழுத உட்கார்ந்தார். அவர் அரசர்களின் வரிசையைப் பிடிக்கவில்லை. கோயிலில் எந்த இருக்கையில் எந்தக் குடும்பம் உட்காரும் என்று படம் வரைந்துகொண்டு, இருக்கை இருக்கையாக, குடும்பம் குடும்பமாகச் சொல்லிப்போனார். எந்தப் பண்ணைக்கு எந்த இருக்கை, யார் குடித்தே நிலத்தை அழித்தார், யார் மகள் யாரை மணந்து எப்படி வாழ்ந்தாள் என்றெல்லாம் அதில் இருக்கிறது. அரசருக்கும் நாடாளுமன்றத்துக்கும் இடையே நடந்த உள்நாட்டுப் போருக்குத் தம் பாரிஷின் மூன்று சிற்றூர்களிலிருந்து 20 பேர் போனார்கள், 13 பேர் மாண்டார்கள் என்று அவர் எழுதியிருக்கிறார். தேசத்தின் போர் ஒரு கோயிலின் இருக்கைகளில் விழுந்தபோது என்ன ஆயிற்று என்று அந்த ஒரு கணக்கு காட்டிவிடுகிறது. 1974இல் டேவிட் ஹே அதே ஊரைப் பற்றி ஆய்வு நூல் எழுதியபோது, பாரிஷ் ஏடுகளையும் உயில்களையும் வைத்துக் காஃபின் எழுத்தைச் சரிபார்த்தார். இருக்கை வரிசையில் சொல்லப்பட்ட கதைகள் பெரும்பாலும் நம்பத்தக்கவையாகவே நின்றன.

ஊராகச் சேர்த்துப் பார்ப்பதால் தனிக் குடும்பத்துக்கு மட்டும் நன்மை என்று எண்ண வேண்டாம். 1948இல் டபிள்யூ. ஜி. ஹாஸ்கின்ஸ் தலைமையில் லெஸ்டரில் ஆங்கில ஊர் வரலாற்றுக்கென்றே ஒரு துறை தொடங்கியது. 1964இல் கேம்பிரிட்ஜில் பீட்டர் லாஸ்லெட்டும் டோனி ரிக்லியும் மக்கள்தொகை வரலாற்றுக் குழுவை அமைத்தார்கள். 1981இல் ரிக்லியும் ரோஜர் ஸ்கோஃபீல்டும் வெளியிட்ட இங்கிலாந்து மக்கள்தொகை வரலாறு 404 பாரிஷ்களின் ஏடுகள்மேல் நிற்கிறது. அந்த ஏடுகளில் மாதந்தோறும் எத்தனை ஞானஸ்நானம், எத்தனை திருமணம், எத்தனை அடக்கம் என்று எண்ணிக் கொடுத்தவர்கள் பெரும்பாலும் ஊர் வரலாற்றில் ஆர்வம் கொண்ட தன்னார்வலர்கள். உங்களைப் போன்றவர்கள். அவர்கள் எண்ணியதால்தான் அந்நாட்டின் பழைய குடும்பத்தைப் பற்றிய பல நம்பிக்கைகள் உடைந்தன. அக்காலத்துப் பெண்கள் பதினைந்து பதினாறு வயதில் மணமுடிக்கவில்லை, பொதுவாக இருபதுகளின் நடுவில்தான் மணமுடித்தார்கள் என்றும், 18ஆம் நூற்றாண்டில் மக்கள்தொகை பெருகியதில் சாவு குறைந்ததைவிட மணவயது குறைந்ததற்குப் பெரும் பங்கு உண்டு என்றும் தெரிந்தது. தம் பாட்டனை மட்டும் தேடி மற்ற வரிகளைத் தாண்டிப் போயிருந்தால் இது எதுவும் வெளிப்பட்டிருக்காது.

இனி, இந்த வாதத்துக்கு எதிராக எழும் கேள்விகளுக்கு வருகிறேன். முதல் கேள்வி வலுவானது. மக்கள் ஓரிடத்தில் நிற்கவில்லையே, பிறகு ஊரைப் பிடித்து என்ன பயன் என்பார்கள். உண்மைதான். நாட்டிங்காம்ஷயரின் கிளேவொர்த் என்ற ஊரில் வில்லியம் சாம்ப்சன் என்ற பாதிரியார் 1676இலும் 1688இலும் ஊராரைப் பெயர் பெயராக எழுதிவைத்தார். இரண்டையும் ஒப்பிட்ட லாஸ்லெட், 12 ஆண்டுகளில் ஏறத்தாழ ஐந்தில் மூன்று பங்கினர் மாறிவிட்டிருந்ததைக் கண்டார். சாவு ஒரு காரணம், புலம்பெயர்வு இன்னொரு காரணம். ஆனால் இந்த உண்மையே எப்படித் தெரிந்தது என்று பாருங்கள். ஓர் ஊரை முழுதாக எழுதிய பட்டியல் இருந்ததால் தெரிந்தது. பெயர்ந்தவர்களிலும் பெரும்பாலோர் நெடுந்தூரம் போகவில்லை. அடுத்த ஊரில் வேலை, அதற்கடுத்த ஊரில் பெண், பக்கத்துச் சந்தை நகரத்தில் கடைசிக் காலம் என்று ஒரு வட்டத்துக்குள் சுழன்றார்கள். ஊர் என்று நான் சொல்வது கோயில்மணி கேட்கும் தூரத்தோடு முடிவதன்று. சுற்றியுள்ள பாரிஷ்களும், அவர்கள் நடந்துபோன சந்தையும் அதில் அடங்கும். நெடுந்தூரம் போனவர்களுக்கோ முன்சொன்ன இருப்புரிமைத் தாள்களே வழித்தடம். மனிதன் நகர்ந்தபோதுதான் பாரிஷ் விழித்துக்கொண்டு எழுதியது.

இரண்டாவது, இப்போதுதான் மரபணுச் சோதனை வந்துவிட்டதே, கோடிக்கணக்கான பதிவுகள் இணையத்தில் இருக்கின்றனவே என்ற கேள்வி. இரண்டும் பெரிய உதவிகள். அவற்றை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் மரபணு உங்களுக்கும் இன்னொருவருக்கும் உறவு உண்டு என்று சொல்லும். எந்தத் தலைமுறையில், யார் வழியாக என்று கேட்டால் மீண்டும் ஏட்டுக்குத்தான் திரும்ப வேண்டும். பத்துத் தலைமுறை பின்னால் போனால் ஒருவருக்கு 1,024 முன்னோர் இடங்கள். குடும்பப் பெயரைப் பிடித்துப் போகிறவர் அவற்றில் ஒன்றை மட்டும் தொடுகிறார். மணமானதும் பெயர் மாறிய பெண்கள் எல்லோரும் அந்தத் தேடலில் விழுந்துபோகிறார்கள். ஊரைப் படிக்கிறவருக்கோ அந்தப் பெண்கள் பிறந்த வீடு இரண்டு வாசல் தள்ளி இருப்பது தெரிகிறது. 1754 முதல் பாரிஷ் கோயிலில் நடக்கும் எல்லாத் திருமணத்துக்கும் மணமக்களும் சாட்சிகளும் கையெழுத்தோ குறியோ இட வேண்டும் என்று சட்டமாயிற்று. சாட்சியாக நின்றவர் பெயர் பெரும்பாலும் தேடலில் வராது. ஆனால் அந்தச் சாட்சி பல வேளைகளில் மணப்பெண்ணின் அண்ணனாகவோ தங்கையாகவோ இருப்பார்.

மூன்றாவது, எல்லோரும் இங்கிலாந்துச் சபையார் இல்லையே என்ற கேள்வி. கத்தோலிக்கரும், பாப்டிஸ்டுகளும், குவேக்கர்களும் பாரிஷ் ஏட்டுக்கு வெளியே நின்றார்கள். உள்நாட்டுப் போரையும் அதை அடுத்த காலத்தையும் சேர்ந்த ஏடுகள் பல ஊர்களில் கந்தலாகக் கிடக்கின்றன. இவையும் உண்மை. ஆனால் மாற்றுச் சபையாரும் ஏழை வரி கட்டினார்கள், தசமபாகம் கட்டினார்கள், கட்ட மறுத்ததற்காக வழக்கில் நின்றார்கள். 1754 முதல் 1837 வரை குவேக்கரும் யூதரும் தவிர மற்ற எல்லோரும் சட்டப்படியான திருமணத்துக்குப் பாரிஷ் கோயிலுக்கே வர வேண்டியிருந்தது. ஏடு கிழிந்த ஆண்டுகளுக்கு, ஆண்டுதோறும் பிஷப்புக்கு அனுப்பிய படிகள் சில இடங்களில் கைகொடுக்கும். ஒரு குடும்பம் ஏட்டில் திடீரென்று மறைந்தால், செத்தார்களா, ஊர் பெயர்ந்தார்களா, சபை மாறினார்களா, அல்லது எழுத்தர் சோம்பினாரா என்று கேட்க வேண்டும். அந்த ஆண்டுகளில் மற்றக் குடும்பங்களும் மறைகின்றனவா என்று பார்த்தால் பாதி விடை கிடைத்துவிடும். ஒரே பெயரைப் பார்த்துக்கொண்டிருப்பவருக்கு அந்தப் பாதி விடை கிடைக்காது.

சென்னையிலோ கொழும்பிலோ இருந்துகொண்டு ஓர் ஊரை எப்படிப் படிப்பது என்று கேட்பீர்கள். முடியும். படைவீரரின் சேர்க்கைத் தாளில் அவர் பிறந்த பாரிஷும், அருகிலுள்ள நகரமும், கவுன்ட்டியும் எழுதப்பட்டிருப்பது வழக்கம். நீங்கள் தொடங்க வேண்டிய இடத்தை அந்தத் தாளே சொல்லிவிடுகிறது. இந்தியாவில் நடந்த ஞானஸ்நானம், திருமணம், அடக்கம் ஆகியவற்றின் படிகள் லண்டனுக்கு அனுப்பப்பட்டு, இன்று பிரிட்டிஷ் நூலகத்தில் சென்னை மாகாணத்துக்கென்று தனித் தொகுதியாக இருக்கின்றன. 1680இல் பிரதிஷ்டையான புனித ஜார்ஜ் கோட்டைக் கோயிலிலிருந்து ஓர் ஆங்கிலக் கிராமத்துக்கு இப்படித்தான் பாதை போகிறது. அதன்பின் அந்தக் கவுன்ட்டியின் ஆவணக் காப்பகப் பட்டியலைப் பாருங்கள். 1899இல் தொடங்கி இன்னும் முடியாமல் வளர்ந்துவரும் விக்டோரியா கவுன்ட்டி வரலாற்றில் அந்தப் பாரிஷ் எழுதப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். பிறகு ஒரு பத்தாண்டின் ஏட்டை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை, உங்கள் பெயர் வந்தாலும் வராவிட்டாலும், முழுதாகப் படியுங்கள். இதற்கு நேரமாகும் என்பது உண்மைதான். ஆனால் தவறான மரத்தில் பத்துத் தலைமுறை ஏறி இறங்குவதற்கு ஆகும் நேரம் இதைவிட அதிகம்.

கடைசியாக ஒரு கேள்வி, நம் ஆட்கள் மட்டுமே கேட்கக்கூடியது. நம்மை ஆண்டவர்களின் ஊர்க்கதையை நாம் ஏன் இவ்வளவு கவனமாகப் படிக்க வேண்டும்? என் பதில் இது. பெயரை மட்டும் தேடும் வழி முன்னோரை எளிதில் உயர்த்திவிடுகிறது. ஒரு சின்னம், ஒரு மாளிகை, ஒரு பிரபு கிடைத்தால் போதும் என்று நின்றுவிடுகிறது. ஊரைப் படிக்கும் வழி அப்படி நிற்க விடாது. அதே கோயிலில் தோளில் துணி தைக்கப்பட்ட கைம்பெண்ணும் இருந்தாள், முன்வரிசை இருக்கையில் மேற்கிந்தியத் தீவுகளில் அடிமைகளை உடைமையாகக் கொண்டவரும் இருந்திருக்கலாம். அடிமைமுறை ஒழிந்தபோது உடைமையாளர்களுக்கு 2 கோடி பவுண்டு இழப்பீடு கொடுத்தார்கள். லண்டன் யுனிவர்சிட்டி கல்லூரி ஆய்வாளர்கள் அந்தப் பட்டியலை ஊர்வாரியாக விரித்தபோது, பாதிரியார்களும் கைம்பெண்களும்கூட அதில் இருந்தார்கள். 1616 டிசம்பர் 22 அன்று லண்டனில் புனித டையோனிஸ் கோயிலில், வங்கக் கடலோரத்திலிருந்து கொண்டுவரப்பட்ட ஓர் இந்திய இளைஞர் பீட்டர் என்ற பெயரில் ஞானஸ்நானம் பெற்றார். அவர் யாருடைய கொடிவழியிலும் இல்லாமல் இருக்கலாம். ஆனால் அந்த ஊரின் ஏட்டில் இருக்கிறார். ஆண்டவர், ஆளப்பட்டவர் என்ற பெருங்கணக்கை இது அழித்துவிடாது. ஒவ்வொரு ஊரிலும் அந்தக் கணக்கு எப்படி நடந்தது, யார் கொடுத்தார்கள், யார் பெற்றார்கள் என்று காட்டும்.

ஆகவே உங்களிடம் நான் கேட்பது சிறிய மாற்றம். கொடிவழித் தாளில் ஒவ்வொரு கட்டத்திலும் முதலில் பெயர், அடுத்துப் பிறந்த ஆண்டு என்று எழுதுகிறோம். இனி முதல் வரியில் பாரிஷின் பெயரை எழுதுங்கள். அது தெரியாதவரை அந்தக் கட்டத்தைப் பென்சிலில் மட்டும் நிரப்புங்கள். ஓர் ஏட்டை முழுதாகப் படித்து முடித்தால், உங்களுக்கு வேண்டாத பெயர்களையும் சேர்த்துப் படியெடுத்து, அந்தக் கவுன்ட்டியின் குடும்ப வரலாற்றுச் சங்கத்துக்கோ காப்பகத்துக்கோ ஒரு படி அனுப்புங்கள். உங்கள் படைவீரருக்குப் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்திருந்தவரின் பேரப்பிள்ளைகள் எங்கோ இருந்து அவரைத் தேடிக்கொண்டிருப்பார்கள்.

உங்கள் தேடலில் உடனிருக்கும்,
ஒரு வாசகர்